இரண்டு உலகப் போர்களையும் பார்த்த ராணுவ அதிகாரியின் பணிவரலாற்றைத் தேடி எடுப்பது எப்படி?

என் அம்மாவின் அப்பா மெட்ராஸ் சாப்பர்ஸ் என்ற ராணுவப் பொறியாளர் படையில் இருந்தவர். பர்மா வரை போய்த் திரும்பியவர். அவர் காலமான பிறகு பரணில் இருந்த பிஸ்கட் டப்பாவில் அவருடைய டிஸ்சார்ஜ் தாள் கிடைத்தது. நாலாக மடித்து, மடிப்பில் கிழிந்து, செலோடேப் ஒட்டியிருந்தார். கீழே ஒரு வெள்ளைக்கார அதிகாரியின் கையெழுத்து. அதற்கும் கீழே பதவி, பக்கத்தில் ஆர்.ஈ. என்று இரண்டு எழுத்து. யார் இந்த ஆள், முதல் போரிலும் இருந்தாரா, எப்படி இங்கே வந்து சேர்ந்தார் என்று தேட ஆரம்பித்தேன். அந்த இரண்டு எழுத்தை நான் கண்டுகொள்ளவில்லை. அதனால் பதினோரு மாதம் வீணானது.

அந்தப் பதினோரு மாதம் உங்களுக்கும் போக வேண்டாம் என்றுதான் இதை எழுதுகிறேன். நான் தேடிய அதிகாரியின் பெயரை இங்கே சொல்லப் போவதில்லை. உதாரணத்துக்கு எல்லாருக்கும் தெரிந்த ஒருவரை எடுத்துக்கொள்கிறேன்: பர்மாவில் 14ஆம் ராணுவத்தை நடத்திய வில்லியம் ஸ்லிம். 1914-ல் செகண்ட் லெப்டினன்ட், 1949-ல் ஃபீல்ட் மார்ஷல். நீங்களும் முதலில் ஸ்லிமை வைத்தே பழகிப் பாருங்கள். விடை தெரிந்த கணக்கைப் போட்டுப் பார்த்தால், தப்பு எங்கே நடக்கிறது என்று உடனே பிடிபடும்.

முக்கால்வாசி வேலை வீட்டில் உட்கார்ந்தே முடியும். லண்டன் பயணம் கடைசியில்தான்.

1. முதலில் எந்த ராணுவம் என்று முடிவு செய்யுங்கள்

1947-க்கு முன் இரண்டு தனித்தனி ராணுவங்கள் இருந்தன. ஒன்று பிரிட்டிஷ் ராணுவம். அதன் காகிதங்கள் லண்டன் வார் ஆஃபீஸ் (ராணுவத்தைக் கவனித்த அரசுத் துறை) வழியாக வந்து, இப்போது லண்டனில் க்யூ என்ற இடத்தில் உள்ள பிரிட்டனின் தேசிய ஆவணக் காப்பகத்தில் இருக்கின்றன. இன்னொன்று இந்திய ராணுவம். அதன் வெள்ளைக்கார அதிகாரிகளின் காகிதங்கள் இந்தியா ஆஃபீஸ் (லண்டனிலிருந்து இந்தியாவைக் கவனித்த துறை) வழியாக பிரிட்டிஷ் நூலகத்துக்குப் போய்விட்டன. இரண்டும் வேறு கட்டடம், வேறு வாசகர் அட்டை, வேறு பட்டியல். ஒன்றில் தேடினால் மற்றொன்றில் இருப்பது வராது.

நான் விழுந்த குழி இதுதான். "மெட்ராஸ் சாப்பர்ஸ் என்றால் இந்தியப் படை, ஆகவே அதிகாரியும் இந்திய ராணுவம்" என்று நினைத்துவிட்டேன். சிப்பாய்கள் இந்திய ராணுவம், சரி. ஆனால் சாப்பர்ஸ் அண்ட் மைனர்ஸ் படைகளுக்கு வந்த வெள்ளைக்கார அதிகாரிகள் ராயல் இன்ஜினியர்ஸைச் சேர்ந்தவர்கள், அதாவது பிரிட்டிஷ் ராணுவம். ஆர்.ஈ. என்ற இரண்டு எழுத்து அதைத்தான் சொல்லிக்கொண்டிருந்தது. மலைப் பீரங்கிப் படைகளிலும் இதே கதைதான்: சுடுபவர்கள் இந்தியர்கள், அதிகாரிகள் ராயல் ஆர்ட்டிலரி.

ஸ்லிமின் கதை இதற்கு நேர் எதிர். முதல் உலகப் போர் முழுக்க பிரிட்டிஷ் ராணுவத்தில் இருந்தார். 1919-ல் இந்திய ராணுவத்துக்கு மாறி, 1920-ல் 6ஆம் கூர்க்கா ரைஃபிள்ஸில் சேர்ந்தார். ஆக, அவரைப் போன்றவர்களுக்கு இரண்டு இடத்திலும் தேட வேண்டும்.

எப்படிக் கண்டுபிடிப்பது? பெயருக்குப் பின்னால் ஆர்.ஈ., ஆர்.ஏ. என்றிருந்தால் பிரிட்டிஷ் ராணுவம். கூர்க்கா, பஞ்சாப், பலூச், மெட்ராஸ் ரெஜிமென்ட் என்றால் பெரும்பாலும் இந்திய ராணுவம். ஐ.ஏ. (இந்தியன் ஆர்மி) என்றே போட்டிருந்தால் சந்தேகமே இல்லை. ஆனால் ஒரு தேதிக்கு மட்டும் பார்த்து முடிவு கட்டாதீர்கள். 1914, 1922, 1939 என்று மூன்று ஆண்டிலும் எந்த ராணுவத்தில் இருந்தார் என்று பாருங்கள்.

2. கெஜட்டை வைத்துக் காலவரிசை போடுங்கள்

பிரிட்டிஷ் அரசின் அறிவிப்பு இதழான லண்டன் கெஜட் முழுக்க இணையத்தில் இலவசம். அதிகாரிகளின் நியமனம், பதவி உயர்வு, மாற்றல், விருது, ஓய்வு எல்லாம் அதில் அச்சாகும். எந்தக் கோப்பைக் கேட்பதற்கும் முன்னால் இதை முடித்துவிடுங்கள்.

ஒரு எக்செல் தாளைத் திறந்து ஆறு கட்டம் போடுங்கள்: வெளியான தேதி, நடைமுறைக்கு வந்த தேதி, பதவி, பதவியின் வகை, படைப்பிரிவு, கெஜட் இதழ் எண்ணும் பக்கமும். முதல் இரண்டையும் குழப்பிக்கொள்வதுதான் புதிதாக வருபவர்கள் செய்யும் முதல் தப்பு. ஒரு நியமனம் நடந்து பல மாதம் கழித்துக்கூட அச்சாகும். "இந்தத் தேதி முதல்" என்று உள்ளே இருப்பதுதான் உங்களுக்கு வேண்டிய தேதி.

தேடும் முறை பற்றி ஒரு வார்த்தை. முழுப் பெயரை மட்டும் போட்டு நிறுத்தாதீர்கள், கெஜட் பெரும்பாலும் அப்படி எழுதாது. முதலெழுத்துகளும் குடும்பப் பெயரும்தான் அதிகம் வரும்: டபிள்யூ. ஜே. ஸ்லிம். அந்தக் குடும்பப் பெயரோ ஆங்கிலத்தில் ஒல்லி என்று அர்த்தம் தரும் சாதாரணச் சொல். வெறுமனே போட்டால் குப்பை கொட்டும். ஆறு ஆறு மாதமாகத் தேதி வரம்பு வைத்துத் தேடுங்கள். பழைய அச்சை இயந்திரம் தப்பாகப் படித்திருக்கும். கிடைக்கவில்லை என்றால் பெயரை விட்டுவிட்டு ரெஜிமென்டின் பெயரால் தேடி, பக்கத்தைக் கண்ணால் படியுங்கள். எனக்கு மிக முக்கியமான இரண்டு பதிவு அப்படித்தான் கிடைத்தது.

ஸ்லிமுக்குத் தொடங்க வேண்டிய இடம் 1914 ஆகஸ்ட் 22. அன்றிலிருந்து ராயல் வார்விக்ஷயர் ரெஜிமென்டில் தற்காலிக செகண்ட் லெப்டினன்ட். "தற்காலிக" என்ற சொல்லைக் கவனியுங்கள்.

இதற்கு ஆகும் செலவு பூஜ்யம். நேரம்? ஒரு ஆளுக்கு இரண்டு மூன்று வார மாலைகள்.

3. ஒரே ஆளுக்கு ஒரே நாளில் மூன்று பதவி இருக்கும்

இதை நிதானமாகப் படியுங்கள். தேடுகிறவர்களில் பாதிப் பேர் இங்கேதான் கைவிடுகிறார்கள்.

நிலையான பதவி என்று ஒன்று உண்டு. ஓய்வூதியம், சீனியாரிட்டி எல்லாம் அதை வைத்துத்தான். அதற்கு மேல் தற்காலிகப் பதவி: அந்த வேலையில் இருக்கும் வரைக்கும் அந்தச் சம்பளம், அந்தப் பட்டை. அதற்கும் மேல் பொறுப்புப் பதவி, ஆங்கிலத்தில் ஆக்டிங் என்பது. நம் ஊர் அரசு அலுவலகத்தில் "பொறுப்பு தாசில்தார்" இருக்கிறாரே, கிட்டத்தட்ட அதே மாதிரி. இரண்டாம் உலகப் போரில் இவற்றோடு "போர்க்கால நிலைப் பதவி" என்று இன்னொரு அடுக்கும் சேர்ந்தது.

இது போதாதென்று பிரெவெட் என்று ஒன்று. நல்ல வேலை செய்த அதிகாரிக்கு ராணுவ அளவில் பட்டத்தை மட்டும் கொடுப்பார்கள், ரெஜிமென்டில் அவர் பழைய பதவியிலேயே இருப்பார். ஸ்லிமுக்கு 1930-ல் பிரெவெட் மேஜர் கிடைத்தது. நிலையான மேஜர் ஆனது 1933-ல். இரண்டையும் ஒரே தாளில் வகை எழுதாமல் குறித்தால், "இவர் இரண்டு தடவை மேஜர் ஆனாரா?" என்று தலையைப் பிய்த்துக்கொள்வீர்கள். நான் பிய்த்துக்கொண்டேன்.

பதவி இறங்குவதும் உண்டு. போர் முடிந்ததும் தற்காலிக லெப்டினன்ட் கர்னல் மறுபடி கேப்டனாக வருவார். அது தண்டனை இல்லை, போர்க்காலப் பதவி போர்க்காலத்தோடு போயிற்று, அவ்வளவுதான். என் ஆள் 1919-ல் இப்படி இறங்கியதைப் பார்த்துவிட்டு, ஏதோ கோர்ட் மார்ஷல் நடந்திருக்கிறது என்று நினைத்து ஒரு மாதம் அதைத் தேடி அலைந்தேன்.

பிரிகேடியரிலும் ஒரு சிக்கல். முதல் போரில் பிரிகேடியர் ஜெனரல் என்று எழுதுவார்கள். போருக்குப் பிறகு அதை எடுத்துவிட்டார்கள். நடுவில் கர்னல் கமாண்டன்ட் என்ற பெயர் ஓடியது. 1928-லிருந்து வெறும் பிரிகேடியர். பெயர் மாறினாலும் பிரிகேடை நடத்தும் வேலை அதேதான்.

அதனால் என் யோசனை: பதவியைத் துரத்தாதீர்கள், பொறுப்பைத் துரத்துங்கள். எந்தத் தேதியிலிருந்து எந்தப் படையை நடத்தினார் என்பதை முதுகெலும்பாக வையுங்கள். ஸ்லிமுக்கு அப்படிப் போட்டால் வரிசை தெளிவாக வந்துவிடும் (படைகள் சிறியதிலிருந்து பெரியதாக: பட்டாலியன், பிரிகேட், டிவிஷன், கோர், ராணுவம்). 1938-ல் 7ஆம் கூர்க்காவின் இரண்டாம் பட்டாலியன். 1939-ல் பெல்காமில் சீனியர் ஆஃபீசர்ஸ் ஸ்கூல். அப்புறம் 10ஆம் இந்தியப் பிரிகேட், அதோடு கிழக்கு ஆப்பிரிக்கா. 1941 மே மாதம் ஈராக்கில் 10ஆம் இந்திய டிவிஷன். 1942 மார்ச்சில் பர்மா கோர். பின்னர் 15ஆம் கோர். 1943 அக்டோபரில் 14ஆம் ராணுவம். பதவிகளை இதன் பக்கத்தில் ஒட்டிக்கொண்டால் போதும்.

4. ஆர்மி லிஸ்ட்டை நம்புங்கள், ஆனால் முழுசாக நம்பாதீர்கள்

பிரிட்டிஷ் ராணுவத்தின் அதிகாரிகள் பட்டியல் மாதாந்திரம், காலாண்டு, அரையாண்டு என்று புத்தகமாக வந்தது. ஸ்காட்லாந்து தேசிய நூலகம் நிறைய இதழ்களை ஸ்கேன் செய்து இலவசமாகப் போட்டிருக்கிறது. இந்திய ராணுவத்துக்கு இந்தியன் ஆர்மி லிஸ்ட் தனி. பிரிட்டிஷ் நூலகத்தில் இருக்கிறது, சில ஆண்டுகள் இணைய நூலகங்களிலும் கிடைக்கும்.

பின்னட்டைப் பக்கம் இருக்கும் அகரவரிசையில் ஆளைப் பிடித்து, அது காட்டும் பத்தி (ஆங்கிலத்தில் காலம், column) எண்ணுக்குப் போக வேண்டும். பல இதழ்களில் அது பக்க எண் இல்லை, பத்தி எண். இது தெரியாமல் நான் ஒரு மாலை முழுவதும் தப்பான பக்கங்களைப் புரட்டினேன்.

பொறி எங்கே இருக்கிறது என்றால், லிஸ்ட் ஒருவர் எந்த ரெஜிமென்டின் கணக்கில் இருக்கிறார் என்று சொல்லும். அவர் உடம்பு எங்கே இருந்தது என்று சொல்லாது. ஸ்லிமையே பாருங்கள். 1915 ஆகஸ்டில் துருக்கியின் கலிபோலியில் சாரி பைர் மேட்டில் படுகாயம் பட்டுத் திரும்பினார். 1916-ல் அவருக்கு நிரந்தரக் கமிஷன் (அதிகாரி நியமனம்) கிடைத்தது வெஸ்ட் இண்டியா ரெஜிமென்டில். லிஸ்ட்டை மட்டும் பார்ப்பவர், மனிதர் கரீபியன் பக்கம் போய்விட்டார் என்று எழுதிவிடுவார். ஆனால் அவர் போனது மெசபடோமியாவுக்கு (இன்றைய ஈராக்), அதுவும் பழைய வார்விக்ஷயர் ஒன்பதாம் பட்டாலியனுக்கே. நிரந்தரக் கமிஷன் எங்கே கிடைத்ததோ அங்கே பெயரைப் போட்டுவைத்தார்கள், அவ்வளவுதான்.

லிஸ்ட்டில் பார்த்ததைப் போர் நாட்குறிப்பில் (கீழே 6-ல் சொல்கிறேன்) சரிபார்க்காமல் எழுதாதீர்கள்.

5. பணிக் கோப்பு: பணமும் மாதங்களும் வீணாகும் இடம்

முதல் உலகப் போர் அதிகாரிகளின் கோப்புகள் க்யூவில் டபிள்யூ.ஓ. 339, டபிள்யூ.ஓ. 374 என்ற இரண்டு வரிசைகளில் இருக்கின்றன (டபிள்யூ.ஓ. என்றால் வார் ஆஃபீஸ்). பெயரைப் போட்டுத் தேடலாம். உங்கள் ஆள் இரண்டு போரிலும் இருந்தவர் என்றால் பெரும்பாலும் அங்கே இருக்க மாட்டார். காரணம் எளிது: 1922-க்குப் பிறகும் பணியில் தொடர்ந்தவர்களின் கோப்பை அப்போது ஒதுக்கவில்லை. அது நடப்புக் கோப்பு. ஆகவே பிரிட்டிஷ் பாதுகாப்பு அமைச்சகத்திடமே இருந்தது. "க்யூவில் இல்லை, ஆகவே அழிந்துவிட்டது" என்று முடிவு கட்டாதீர்கள். அழிந்தவையும் உண்டு. 1940 செப்டம்பர் குண்டுவீச்சில் ஏராளமான பணி ஆவணங்கள் எரிந்தன. அதிகாரிகளின் முதன்மைப் பதிவேடும் அதில் போயிற்று. க்யூவில் மிஞ்சியிருப்பது கடிதப் போக்குவரத்துக் கோப்புதான். அதனால் சிலரது கோப்பில் காயத்துக்கான மருத்துவக் குழு அறிக்கையும், பெட்டி தொலைந்ததற்கு நஷ்ட ஈடு கேட்ட கடிதமும் மட்டும்தான் இருக்கும். ஏமாற வேண்டாம், அந்த மருத்துவ அறிக்கையில் தேதிகள் கச்சிதமாக இருக்கும்.

அமைச்சகம் வைத்திருந்த கோப்புகள் 2022-லிருந்து கட்டம் கட்டமாக க்யூவுக்கு மாறி வருகின்றன. லட்சக்கணக்கில் இருப்பதால் பல ஆண்டு பிடிக்கும் வேலை. விண்ணப்பம் போடுவதற்கு முன், உங்களுக்கு வேண்டிய பிரிவு இப்போது எந்தப் பக்கம் இருக்கிறது என்று அன்றைய தேதிக்குப் பாருங்கள். பிறந்து 115 ஆண்டு ஆனவர்களின் கோப்பைத் திறப்பது சுலபம். அதற்குக் குறைவாக இருந்தால் தகவல் உரிமை வழியாகக் கேட்க வேண்டும், இறப்புச் சான்றும் தேவைப்படலாம். அதனால் பிறந்த தேதியை முதலில் உறுதி செய்துகொள்ளுங்கள். ஆர்மி லிஸ்ட்டின் அரையாண்டு இதழ்களில் அது கிடைக்கும்.

இந்திய ராணுவ அதிகாரி என்றால் கதை வேறு. பிரிட்டிஷ் நூலகத்தின் இந்தியா ஆஃபீஸ் ஆவணங்களில் எல்/மில்/14 என்ற வரிசையைப் பாருங்கள். சேர்க்கை விண்ணப்பங்களுக்கு எல்/மில்/9. இந்த இரண்டாவதில் நமக்குப் பக்கத்து ஊர் ஒன்றும் வரும்: முதல் போர்க் காலத்தில் அதிகாரிகளை அவசரமாகத் தயாரிக்க குவெட்டாவிலும் நம் நீலகிரி வெலிங்டனிலும் கேடட் கல்லூரி நடத்தினார்கள். அங்கே சேர்ந்தவர்களின் விண்ணப்பங்கள் இந்த வரிசையில் உள்ளன. ஸ்லிம் படித்த குவெட்டா ஸ்டாஃப் காலேஜும் பிரிவினையின்போது இரண்டாகி, இந்தியப் பங்கு வெலிங்டனுக்கு வந்தது.

2023 அக்டோபரில் பிரிட்டிஷ் நூலகத்தின் மேல் நடந்த சைபர் தாக்குதலுக்குப் பிறகு அதன் இணையப் பட்டியல்கள் நெடுநாள் முடங்கிக் கிடந்தன. பழைய கட்டுரைகளில் கொடுத்திருக்கும் இணைப்பு வேலை செய்யாவிட்டால் பதறாதீர்கள். வரிசை எண்ணைச் சொல்லி மின்னஞ்சலில் கேளுங்கள்.

என் தப்பை இன்னொரு தடவை சொல்லிவிடுகிறேன். ராயல் இன்ஜினியர்ஸ்காரரை இந்திய ராணுவக் கோப்புகளில் தேடச் சொல்லி ஒரு ஆவண அலுவலகத்துக்கு எழுதினேன். நாலு மாதம் கழித்து "பதிவு இல்லை" என்று ஒரு வரி வந்தது. கூலிக்குத் தேடித் தரும் ஒருவரைப் பிடித்தேன். அவரும் நான் சொன்ன இடத்திலேயே தேடிவிட்டுக் கட்டணத்தை வாங்கிக்கொண்டார். அவரைக் குறை சொல்ல முடியாது, கேள்வியே தப்பு.

6. போர் நாட்குறிப்புகள்

ஒவ்வொரு பட்டாலியனும் பிரிகேடும் டிவிஷனும் போரில் நாள்தோறும் எழுதிய குறிப்பு இது. யார் பொறுப்பேற்றார், யார் காயம்பட்டார், எந்த ஊரில் முகாம் என்று அந்தந்த நாளே எழுதியது. என்னைக் கேட்டால் மற்ற எல்லாவற்றையும்விட இதுதான் நம்பத் தகுந்தது.

முதல் போருக்கு டபிள்யூ.ஓ. 95. நிறையப் பகுதி ஸ்கேன் ஆகிவிட்டது. நான் எடுத்தபோது ஒரு கோப்புக்கு 3.50 பவுண்ட். க்யூவுக்கு நேரில் போனால் அங்குள்ள கணினியில் காசில்லாமல் பார்க்கலாம்.

இரண்டாம் போரில் வரிசை போர்க்களத்தைப் பொறுத்தது. மத்திய கிழக்குக்கு 169, இத்தாலிக்கு 170, வடமேற்கு ஐரோப்பாவுக்கு 171, தென்கிழக்கு ஆசியாவுக்கு 172. ஸ்லிமின் பர்மா நாட்களுக்கு 172. தலைமையகக் கடிதங்களுக்கு டபிள்யூ.ஓ. 203-ஐயும் பாருங்கள். இவற்றில் பெரும்பகுதியைப் பார்க்க நேரில் போக வேண்டும், அல்லது நகலுக்குப் பணம் கட்ட வேண்டும். நகல் என்றால் முதலில் பக்கம் எண்ணுவதற்கே ஒரு கட்டணம், அப்புறம் பக்கத்துக்கு இவ்வளவு என்று தனியாக. தடித்த கோப்புக்கு அது எங்கேயோ போய் நிற்கும்.

நேரில் போகிறவர்களுக்கு: வாசகர் அட்டை இலவசம். பாஸ்போர்ட்டும் முகவரிச் சான்றும் வேண்டும். நான் ஆங்கிலத்தில் இருந்த வங்கி ஸ்டேட்மென்டைக் கொண்டு போனேன், ஏற்றுக்கொண்டார்கள். எந்தெந்தச் சான்று செல்லும் என்ற பட்டியலை அவர்கள் தளத்தில் பார்த்துவிட்டுக் கிளம்புங்கள். கோப்புகளை முன்கூட்டியே ஆர்டர் செய்யுங்கள், திறந்திருக்கும் நாட்களையும் பாருங்கள். உள்ளே பேனா கூடாது, பென்சில் மட்டும். போனில் ஃபிளாஷ் இல்லாமல் படம் எடுக்கலாம், அதற்குக் காசு கிடையாது. ஒவ்வொரு கோப்பையும் படம் எடுக்கத் தொடங்கும் முன் அதன் எண் எழுதிய அட்டையை முதலில் ஒரு படம் எடுத்துக்கொள்ளுங்கள். நான் செய்யவில்லை. ஊருக்கு வந்த பிறகு நானூற்றுச் சொச்சம் படத்தில் எது எந்தக் கோப்பு என்று தெரியாமல் விழித்தேன்.

7. பதக்க அட்டை, விருதுகள்

முதல் போரின் பதக்க அட்டைகள் டபிள்யூ.ஓ. 372. அதிகாரிகள் தங்கள் பதக்கத்துக்குத் தாங்களே விண்ணப்பிக்க வேண்டும் என்பது விதி. கேட்காதவருக்கு அட்டை இல்லாமல் போகலாம். அட்டை இல்லை என்பதால் போருக்கே போகவில்லை என்று எழுதாதீர்கள்.

விருதுக்கான காரண வாசகம் கெஜட்டில் சில சமயம் இருக்கும். புத்தாண்டு, அரசர் பிறந்தநாள் பட்டியலில் வந்த விருதுகளுக்கு இருக்காது. இரண்டாம் போரின் பரிந்துரைத் தாள்கள் டபிள்யூ.ஓ. 373-ல். ஸ்லிமின் மிலிட்டரி கிராஸ் என்ற வீர விருது 1918 பிப்ரவரியில் கெஜட்டில் வெளியானது. சண்டை நடந்தது 1917-ல், மெசபடோமியாவில். இரண்டு தேதிக் கட்டம் போடச் சொன்னது இதற்கும் சேர்த்துத்தான்.

8. சொந்தத் தாள்கள்

கர்னலுக்கு மேலே போனவர் என்றால் எங்காவது ஒரு கல்லூரியில் அவருடைய கடிதங்கள் கிடக்க வாய்ப்பு உண்டு. லண்டன் கிங்ஸ் காலேஜின் லிடல் ஹார்ட் மையம், 1900 முதல் 1975 வரையிலான மூத்த பாதுகாப்பு அதிகாரிகளின் தாள்கள் எங்கெங்கே இருக்கின்றன என்று ஒரு கணக்கெடுப்பை இணையத்தில் வைத்திருக்கிறது. முதலில் அங்கே பெயரைப் போடுங்கள். ஸ்லிமின் தாள்கள் கேம்பிரிட்ஜில், சர்ச்சில் ஆவண மையத்தில். இப்படிப்பட்ட இடங்களுக்கு முன்பதிவு இல்லாமல் போகவே கூடாது.

புனைபெயர் இருந்ததா என்றும் பாருங்கள். ஸ்லிம் கைச்செலவுக்காகப் பத்திரிகைகளில் ஆண்டனி மில்ஸ் என்ற பெயரில் எழுதினார். ஸ்லிமின் ஆங்கில எழுத்துகளைத் திருப்பிப் போட்டால் மில்ஸ்.

டெல்லி தேசிய ஆவணக் காப்பகத்தின் அபிலேக் படல் தளத்தையும் விடாதீர்கள். இந்திய அரசின் ராணுவத் துறைக் கோப்புகள் அதில் இருக்கின்றன. இந்தியாவிலேயே நடந்த மாற்றல், விடுப்பு விவகாரங்களுக்கு உதவும்.

9. "ஓய்வு" என்று கண்டதும் தாளை மூடாதீர்கள்

போட்ட உத்தரவெல்லாம் நடந்ததில்லை. 1945 மே மாதம் ஸ்லிமை 14ஆம் ராணுவத்திலிருந்து எடுத்து 12ஆம் ராணுவத்துக்குப் போடப் போவதாகச் சொன்னார்கள். அவர் மறுத்தார். கடைசியில் மாற்றல் ரத்தாகி, ஆகஸ்டில் அவரே தென்கிழக்கு ஆசிய நேச நாட்டுத் தரைப்படைகளின் தலைமைக்கு வந்தார். கோப்பில் மாற்றல் உத்தரவைப் பார்த்தால், பொறுப்பேற்ற பதிவையும் கண்ணால் பார்த்த பிறகே தாளில் ஏற்றுங்கள்.

ஓய்வும் அப்படித்தான். 1948-ல் ராணுவத்தை விட்டு விலகி ஸ்லிம் ரயில்வே நிர்வாகத்தில் வேலை பார்த்துக்கொண்டிருந்தார். பிரிட்டிஷ் பிரதமர் அட்லி திரும்பக் கூப்பிட்டு பிரிட்டிஷ் ராணுவத்தின் தலைமைத் தளபதி ஆக்கினார். இந்திய ராணுவத்திலிருந்து அந்த நாற்காலிக்குப் போன முதல் ஆள் அவர்தான். 1939-லும் இதே மாதிரி ஓய்விலிருந்து திரும்ப அழைக்கப்பட்டவர்கள் ஏராளம். என் ஆளும் அதில் ஒருவர். அவர் 1937-ல் ஓய்வு பெற்றதைப் பார்த்து நான் தேடலை அங்கேயே நிறுத்தியிருந்தேன். தாத்தாவின் தாளில் கையெழுத்துப் போட்டது 1946-ல்.

ஃபீல்ட் மார்ஷல் என்றால் ஓய்வே கிடையாது, சாகும் வரை செயல் பட்டியலில் பெயர் இருக்கும். ஸ்லிமுக்கு 1970 டிசம்பர் வரை புரட்ட வேண்டும்.